கல்லுக்கு வந்த தேமல்

எனக்கு ஊர் மாகறல். காஞ்சீபுரத்துக்குத் தெற்கே 16 கிலோ மீட்டர் தூரத்தில், செய்யாற்றங்கரையில் இருக்கிறது. வெளியூரில் யாராவது கேட்டால் "காஞ்சீபுரம் பக்கம்" என்று சொல்லிவிடுவேன். அப்படிச் சொல்வதில் ஒரு தொல்லை உண்டு. அடுத்த கேள்வி, "நல்ல பட்டுப் புடவையாகக் கொஞ்சம் சல்லிசாக வாங்கித் தர முடியுமா?" என்பதாகத்தான் இருக்கும். என் நாவலைப் படித்திருக்கிறீர்களா என்று நான் பதிலுக்குக் கேட்பதில்லை. அவ்வளவு தைரியம் எனக்கு இல்லை.

புடவைக்கும் எனக்கும் சம்பந்தம் இல்லை என்று சொல்லிவிட முடியாது. சம்பந்தம் உண்டு. அதைத்தான் இன்று எழுதப் போகிறேன். ஆனால் கல்லிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

மாகறலில் மாகறலீசுவரர் கோயில் இருக்கிறது. ஞானசம்பந்தர் பாடிய ஸ்தலம். ஸ்தல புராணத்தில் ஓர் உடும்பு வருகிறது. பொன்னிறமான உடும்பு. ராஜா அதைத் துரத்திக்கொண்டு போனான். அது புற்றுக்குள் புகுந்துகொண்டது. அங்கேதான் ஸ்வாமி வெளிப்பட்டார். லிங்கம் இன்றைக்கும் உடும்பின் வால் போலத்தான் இருக்கிறது என்பார்கள். கல்லைப் பிடித்தால் உடும்பு விடாது. எங்கள் ஊர்க் கல்லை வேறொன்றும் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது. அதற்குப் புராணம் கிடையாது.

கோயில் கல்லிலே சாம்பலும் வெளிர்ப் பச்சையுமாகத் திட்டுத் திட்டாக இருக்கும். சின்ன வயதில் நகத்தால் சுரண்டிப் பார்ப்பேன், வராது. பாட்டியைக் கேட்டேன். "கல்லுக்குத் தேமல் வந்திருக்குடா" என்றாள்.

"மருந்து போட மாட்டாங்களா?"

"கல்லுக்கு யாரு மருந்து போடறது? அது பாட்டுக்கு இருக்கும். நாமதான் போயிடுவோம்."

பாட்டி போய்விட்டாள். தேமல் அப்படியே இருக்கிறது.

*

என் அப்பா காஞ்சீபுரத்தில் ஒரு சாயப்பட்டறையில் வேலை பார்த்தார். காலை முதல் பஸ்ஸில் போனால் இருட்டின பிறகுதான் வருவார். பட்டு நூலுக்குச் சாயம் போடுவது என்பது பார்க்கிறவர்களுக்கு ஏதோ துணியை முக்கி எடுப்பது போலத்தான் தோன்றும். அப்படி இல்லை. பச்சைப் பட்டு விறைப்பாக, பளபளப்பில்லாமல் இருக்கும். அதை சோப்பும் சோடாவும் போட்டுக் காய்ச்சி, மேலே இருக்கிற பசையைப் போக்க வேண்டும். பசை போனால் எடையில் கிட்டத்தட்ட கால் பங்கு குறைந்துவிடும். அப்புறம்தான் அது பட்டு. பிறகு கழி கழியாகத் தடியில் மாட்டி, கொதிக்கிற சாயத் தண்ணீரில் இறக்கி, திருப்பித் திருப்பிப் போட வேண்டும். ஒரு பக்கம் கொஞ்சம் அதிகமாகக் குடித்துவிட்டால் புடவையில் பட்டை விழும். அளவாக ஆசிட் விட வேண்டும். அப்போதுதான் நூல் சாயத்தைப் பிடித்துக்கொள்ளும்.

அப்பாவுக்குத் தராசு வேண்டாம். நுனி விரலால் கிள்ளிப் போடுவார். நனைந்த நூலைப் பிழிந்து வெளிச்சத்தில் காட்டி, "இன்னும் கொஞ்சம் பசிக்குது இதுக்கு" என்பார். நனைந்த நூலில் தெரிகிற நிறம் வேறு, காய்ந்தபின் நிற்கிற நிறம் வேறு. அவர் கண் காய்ந்த நிறத்தையே பார்க்கும்.

அவருக்கு மிகவும் பிடித்தது கத்தரிப்பூ நிறம். அதிலே பூ மலர்ந்த அன்றைக்கு ஒரு நிறம், வாடினால் ஒரு நிறம், காயின் தோலுக்கு ஒரு நிறம் என்று மூன்று சொல்வார். எனக்கு மூன்றும் ஒன்றுதான். "உனக்குக் கண்ணு போதாதுடா" என்பார்.

அந்த நிறமெல்லாம் அவர் கையில் இருந்தது. நகக்கண்ணில், விரல் மடிப்பில், உள்ளங்கை ரேகையில். எவ்வளவு தேய்த்தாலும் முழுக்கப் போகாது. ஒரு வாரம் அரக்கு, ஒரு வாரம் பச்சை. கல்யாண சீசனில் எல்லாம் கலந்து ஒரு மாதிரி ஊதா. அந்தக் கையால் சோற்றைப் பிசையும்போது அம்மா முகத்தைத் திருப்பிக்கொள்வாள். வெறுப்பினால் அல்ல. அந்தக் கை சாப்பிடும்போதாவது ஓய்வாக இருக்கக் கூடாதா என்பதற்காக.

*

நான் கல்லூரியில் படித்தது இரண்டே வருஷம். அந்த இரண்டு வருஷத்தில் எனக்கு ரசாயனத்தின் மேல் ஏற்பட்ட பக்தி கொஞ்சநஞ்சமல்ல. பக்திக்குக் காரணம் லிட்மஸ் காகிதம். நீலக் காகிதம் சிவந்தால் அமிலம். சிவப்புக் காகிதம் நீலமானால் காரம். விவாதமே கிடையாது. எங்கள் வீட்டிலும் தெருவிலும் எந்த விஷயத்திலும் இப்படி ஒரு தீர்ப்பு நான் கேட்டதில்லை. விஞ்ஞானம் என்றால் இதுதான் என்று எண்ணிக்கொண்டேன்.

ஒரு நாள் அந்தக் காகிதக் கட்டில் ஒன்றைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன். களவுதான். அப்பாவிடம் காட்டிப் பெருமையடித்துக்கொள்ள வேண்டும் என்ற ஆசை.

இரவு, திண்ணை விளக்கு வெளிச்சத்தில் அப்பா ஒரு காகிதத்தை வாங்கிப் பார்த்தார். நான் ஆரம்பித்தேன்: "இது லிட்மஸ்ப்பா. ஆசிடா இல்லையான்னு..." அவர் காதில் வாங்கவில்லை. அம்மாவைப் புளித்தண்ணீர் கொண்டுவரச் சொன்னார். நீலத்தைத் தொட்டார், சிவந்தது. சவுக்காரத் தண்ணீரில் தொட்டார், திரும்பவும் நீலம். அவர் முகத்தில் ஆச்சரியமே இல்லை. ஈரக் காகிதத்தைக் கட்டைவிரலால் தேய்த்து, விரலைப் பார்த்து, மோந்து பார்த்தார்.

"இது சாயம்டா" என்றார்.

"இல்லேப்பா. இது சயன்ஸ்."

"இன்னாவோ இருக்கட்டும். யாரோ ஒரு சாயக்காரன் காய்ச்சினதுதான் இது. நம்ம கத்தரிப்பூவுக்குப் பங்காளி மாதிரி இருக்கு." கொஞ்ச நேரம் கழித்து, "ஆனா நிக்காது. வெயில்ல வச்சா ஓடிப்பூடும்" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தும்விட்டேன். உலகத்தில் எதைக் காட்டினாலும் சாயப்பட்டறைக்கே இழுத்துக்கொண்டு போகிறாரே என்று. அவரும் கூடச் சிரித்தார்.

சில மாதங்கள் கழித்து நடந்ததை இதுவரை நான் எங்கும் எழுதியதில்லை. கதைகளில் கூட.

பரீட்சைப் பணம் கட்டக் கடைசி நாள். வீட்டில் பணம் இல்லை. அப்பா முதலாளியிடம் முன்பணம் வாங்கித் தருவதாகச் சொல்லியிருந்தார். மத்தியானம் நான் இரண்டு சிநேகிதர்களோடு கல்லூரி வாசலுக்கு வந்தேன். வேப்பமரத்தடியில் அப்பா நின்றுகொண்டிருந்தார். பட்டறையிலிருந்து நேரே வந்திருக்கிறார். முழங்கை வரைக்கும் ஊதா. வேட்டியில் சொட்டுச் சொட்டாய்ச் சாயம்.

"யார்ரா அது? ஹோலி கொண்டாடிட்டு வந்தவன் மாதிரி" என்றான் ஒருவன்.

"எங்க ஊர்க்காரர்" என்றேன். "வீட்டிலேருந்து ஏதாவது சொல்லி அனுப்பிச்சிருப்பாங்க."

பத்தடி தூரம்கூட இருக்காது. நான் சொன்னது அவர் காதில் விழுந்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அவர் எங்களிடம் வந்தார். இடுப்பில் செருகியிருந்த காகிதப் பொட்டலத்தை எடுத்து நீட்டினார்.

"தம்பி, மாகறல்லேருந்து வரேன். உங்க அப்பா இதைக் குடுக்கச் சொன்னாரு. எண்ணிப் பார்த்துக்குங்க."

நான் எண்ணினேன். சரியாக இருந்தது. அவர் போய்விட்டார்.

அன்று இரவு சாப்பிடும்போது, "பணம் கட்டிட்டியா?" என்று மட்டும் கேட்டார். "கட்டிட்டேன்" என்றேன். அவ்வளவுதான். அந்தப் படிப்பும் அடுத்த வருஷம் நின்றுபோயிற்று. சில வருஷங்களுக்குப் பின் அப்பாவும் போனார். மன்னிப்புக் கேட்க எத்தனையோ ராத்திரிகள் இருந்தன. ஒவ்வொரு ராத்திரியும், நாளைக்கு ஆகட்டும் என்றிருந்தது.

*

தாவரவியல் போதிக்கும் நண்பர் ஒருவர் எனக்கு உண்டு. சில வருஷங்களுக்கு முன் அவர் மாகறலுக்கு வந்தார். ஸ்வாமி தரிசனம் செய்ய வந்தவர் மதில் பக்கமே நின்றுவிட்டார். பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்து வைத்துக்கொண்டு, அந்தத் தேமலைப் பார்த்தபடி அரை மணி நேரம். அர்ச்சகர் என்னைப் பார்த்தார். நான் ஆகாயத்தைப் பார்த்தேன்.

"இது என்ன தெரியுமா? லைக்கன்" என்றார் நண்பர்.

தெரியாது என்றேன். "உங்கள் வீட்டுச் சமையலறையிலேயே இருக்குமே, கல்பாசி! அதுவும் இந்தக் குலம்தான்" என்றார்.

குருமாவுக்கும் பிரியாணிக்கும் போடுகிற கல்பாசியை நீங்கள் அறிவீர்கள். கருகின காகிதம் மாதிரி இருக்கும். எண்ணெயில் விழுந்ததும் மணக்கும். மலைப் பிரதேசத்துப் பாறையிலும் மரத்திலும் ஒட்டி வளர்வது. பெயர்தான் பாசி, ஆனால் வெறும் பாசி அல்ல. லைக்கன் என்பது ஒரு காளானும் ஒரு பாசியும் சேர்ந்து நடத்துகிற குடித்தனம். காளான் வீடு கட்டுகிறது, கல்லைப் பிடித்துக்கொள்கிறது, ஈரத்தைச் சேர்த்து வைக்கிறது. பாசி உள்ளே இருந்துகொண்டு வெயிலை வாங்கிச் சமைக்கிறது. 1867-இல் சுவிட்சர்லாந்துக்காரரான ஷ்வெண்டனர் இதைச் சொன்னபோது பெரிய பெரிய லைக்கன் பண்டிதர்களே கேலி செய்தார்கள். ஒரு செடி என்று தாங்கள் வாழ்நாளெல்லாம் படித்தது இரண்டு ஜீவன் என்றால் யாருக்குத்தான் கோபம் வராது?

நண்பர் இன்னொன்றும் சொன்னார். லைக்கனுக்கு வைக்கிற விஞ்ஞானப் பெயர் முழுக்கக் காளானுக்கே உரியதாம். உள்ளே இருந்து சமைத்துப் போடுகிற பாசிக்கு அந்தப் பெயரில் பங்கு இல்லை. இதைக் கேட்டபோது எனக்கு வேப்பமரத்தடி ஞாபகம் வந்தது. நண்பரிடம் சொல்லவில்லை.

லைக்கன்களில் மூன்று தினுசு. கல்லோடு கல்லாகப் பொருக்குத் தட்டியிருப்பது ஒன்று. எங்கள் கோயில் தேமல் இந்த ரகம். இலை மாதிரி விரிவது ஒன்று, கல்பாசி அப்படி. மூன்றாவது, சின்னப் புதர் மாதிரிக் கிளைத்துத் தொங்குவது. எல்லாமே மெதுவாகத்தான் வளரும். வருஷத்துக்குச் சில மில்லி மீட்டர் வளர்ந்தாலே அதிகம். அசுத்தமான காற்று அவற்றுக்கு ஆகாது. பாரீஸ் நகரத்து லக்ஸம்பர்க் தோட்டத்தில் உள்ள லைக்கன்களைப் பார்த்துவிட்டு, இவை காற்றின் சுத்தத்துக்கு அளவுகோல் என்று 1866-இலேயே நைலாண்டர் என்ற அறிஞர் எழுதினார்.

"ஊருக்கே லிட்மஸ் காகிதம் என்று சொல்லுங்கள்" என்றேன், என் பழைய பக்தியைக் காட்டிக்கொள்வதற்காக.

நண்பர் சிரித்தார். "வேடிக்கையாகச் சொல்கிறீர்கள். நிஜமாகவே லிட்மஸ் எதிலிருந்து வந்தது தெரியுமா? லைக்கனிலிருந்துதான். மூன்றாவது தினுசு, புதர் ரகம். கடலோரப் பாறையில் வளர்வது. ரோசெல்லா என்று பெயர். அடிப்படையில் லிட்மஸ் ஒரு சாயம்."

நான் கோயில் மதிலைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "இது சாயம்டா" என்று திண்ணையில் ஒரு குரல் சொன்னதும், அதற்கு நான் சிரித்ததும் காதில் கேட்டது.

*

அதற்கப்புறம் அந்த ரோசெல்லாவைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். பாவத்துக்குப் பரிகாரம் தேடுகிறவன் புராணம் படிப்பது போலத்தான்.

பார்த்தால் ஒன்றுமில்லை. சாம்பல் நிறத்தில், காய்ந்த நார் போல, விரல் நீளத்துக்குக் கிளை கிளையாக இருக்கும். கசக்கினாலும் காய்ச்சினாலும் ஊதா வராது. ஊதா உள்ளே ஒளிந்திருக்கிறது. அதை வெளியே கொண்டுவர அம்மோனியாவும் காற்றும் வேண்டும். முக்கியமாக, பொறுமை வேண்டும். அந்தக் காலத்தில் அம்மோனியாவுக்கு எங்கே போவார்கள்? நாள்பட்ட சிறுநீர்தான். மூக்கைச் சுளிக்காதீர்கள். ஐரோப்பாவில் ராஜாக்களும் மதகுருமார்களும் அதைத்தான் பட்டாகவும் கம்பளியாகவும் மேலே போட்டுக்கொண்டார்கள். வாரக்கணக்கில் ஊறப்போட்டுக் கிளறிக் கொடுத்தால், முதலில் சிவப்பு, பிறகு ஊதா. அதற்கு ஆர்ச்சில் என்று பெயர். அதோடு பொட்டாஷும் சுண்ணாம்பும் சேர்த்து இன்னும் புளிக்கவிட்டால் நீலமாகும். ஹாலந்துக்காரர்கள் அந்த நீலத்தைச் சுண்ணாம்புப் பொடியில் கலந்து கட்டியாக்கி விற்றார்கள். அதுதான் லிட்மஸ். சாயக்காரர்கள் கை பட்டது என்று அப்பா சொன்னாரே, எழுத்துக்கு எழுத்து நிஜம்.

இத்தாலியில் பிளாரன்ஸ் நகரத்தில் ஒரு வியாபாரி குடும்பம் இருந்தது. அதன் முன்னோர் ஒருவர் 1300-ஆம் வருஷத்தை ஒட்டிக் கிழக்கே வியாபாரத்துக்குப் போனபோது, சிறுநீர் பட்ட லைக்கன் நிறம் மாறுவதைக் கண்டு அந்த ரகசியத்தை ஊருக்குக் கொண்டுவந்தார் என்று சொல்வார்கள். சாயத்தினால் பெருஞ் செல்வம் சேர்ந்தது. சாயத்தின் பெயரையே குடும்பப் பெயராக வைத்துக்கொண்டார்கள். ருச்செல்லாய் என்பது அந்தப் பெயர். அந்தக் குடும்பத்து ஜியோவான்னி ருச்செல்லாய் ஊரின் பெரிய மாதாகோயில் ஒன்றுக்கு முகப்புக் கட்டிக் கொடுத்தார். முகப்பின் உச்சியில் அவர் பெயரும் 1470 என்ற வருஷமும் பெரிய எழுத்தில் இன்றும் இருக்கின்றன.

இந்த இடத்தைப் படித்ததும் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். சாயக்காரன் என்பதை மாதாகோயில் முகப்பில் எழுதி வைத்துக்கொண்டது ஒரு குடும்பம். கல்லூரி வாசலில் அதை மறைத்தான் ஒரு பிள்ளை.

செல்வம் சேர்ந்தது வியாபாரிக்கு. லைக்கனைச் சேகரித்தவன் கதை வேறு. கானரித் தீவுகளில் கடலோரச் செங்குத்துப் பாறைகளில் கயிற்றில் தொங்கிக்கொண்டு சுரண்டி எடுத்தார்கள். கயிறு அறுந்து விழுந்து செத்தவர்களும் உண்டு. அவர்கள் பெயர் எந்த முகப்பிலும் இல்லை.

1856-இல் லண்டனில் பெர்கின் என்ற 18 வயதுப் பையன், கொயினா மருந்தைச் செயற்கையாகச் செய்யப் போய், தாரிலிருந்து எடுத்த சரக்கில் தற்செயலாக ஓர் ஊதாச் சாயத்தைக் கண்டுபிடித்தான். அதுவும் கத்தரிப்பூதான்! அதிலிருந்து ஆரம்பித்துச் செயற்கைச் சாயங்கள் ஒவ்வொன்றாக வந்தன. பாறை லைக்கனின் வியாபாரம் கொஞ்சம் கொஞ்சமாகப் படுத்துவிட்டது. என் அப்பா டப்பாவிலிருந்து கிள்ளிப் போட்ட பொடியெல்லாம் அந்தப் பெர்கினின் வம்சம். அவனும் கல்லூரிப் படிப்பை விட்டுவிட்டு வந்தவன்தான் என்று படித்தபோது கொஞ்சம் ஆறுதலாக இருந்தது. ஆனால் அவன் சாயத் தொழிற்சாலை வைக்கத் தன் சேமிப்பைப் போட்டது அவனுடைய அப்பா. வீடு கட்டும் தொழில் செய்தவர். மகன் அவரை யாரென்று சொன்னான் என்று புத்தகத்தில் இல்லை. அப்பா என்றுதான் சொல்லியிருப்பான்.

*

இதெல்லாம் எங்கோ மேல்நாட்டுச் சமாசாரம் என்று நினைத்திருந்தேன். "நம் கடற்கரையிலேயே ஒரு ரோசெல்லா இருக்கிறது, வாருங்கள்" என்று நண்பர் ஒரு ஞாயிற்றுக்கிழமை புதுச்சேரிப் பக்கம் கூட்டிக்கொண்டு போனார்.

புதுச்சேரித் தாவரத் தோட்டத்தோடு சம்பந்தப்பட்ட பெலாங்கே என்ற பிரெஞ்சுக்காரர், 1825 முதல் 1829 வரை இந்தப் பக்கங்களில் பிரயாணம் செய்தவர். நம் ரோசெல்லாவை விஞ்ஞான உலகத்துக்குச் சொன்னவர் அவர்தான். அதற்கு மோந்தாஞ் என்ற ராணுவ வைத்தியரின் பெயரைச் சூட்டினார். அந்த வைத்தியர் பாசி, காளான் வகைகளில் பெரிய நிபுணர். பிரெஞ்சில் மோந்தாஞ் என்றால் மலை. கடலோரத்தில் வாழ்வதற்கு மலையின் பெயர்! அதன் மேல்நாட்டு உறவினர்கள் பாறையைப் பிடித்துக்கொண்டிருக்க, இது நம் கரையில் பெரும்பாலும் மரப்பட்டையையே பிடித்துக்கொண்டிருக்கிறது. பாறை இல்லாத கரையில் என்ன செய்யும், பாவம். ஆனால் கடற்காற்று அதற்கு வேண்டும்.

இதன் ரசாயனத்தை ஆராய்ந்து பார்த்தவர்களில் முக்கியமானவர் நம் குளித்தலையில் பிறந்த டி. ஆர். சேஷாத்ரி. 1940-ஐ ஒட்டி, வால்டேரில் ஆந்திரப் பல்கலைக்கழகத்தில் இருந்தபோது, தம் சகாவுடன் சேர்ந்து இந்திய லைக்கன்களைப் பற்றி வரிசையாகக் கட்டுரைகள் எழுதினார். முதலில் எடுத்துக்கொண்டது இந்தக் கடலோர ரோசெல்லாவைத்தான். நான் கல்லூரியில் லிட்மஸைக் கும்பிட்டுக்கொண்டிருந்தபோது இந்தப் பெயர் ஒன்றும் எனக்குத் தெரியாது.

தோப்பில் ஒரு கிழ மாமரம். கடலைப் பார்த்த பக்கத்துப் பட்டையில் சாம்பல் நிறத்தில் தாடி மாதிரி தொங்கிக்கொண்டிருந்தது. இதற்காகவா கயிற்றில் தொங்கினார்கள் என்று இருந்தது. நான் கையை நீட்டினேன். நண்பர் தடுத்தார். "மரத்திலிருந்து பறிக்க வேண்டாம். இவ்வளவு வளர எத்தனை வருஷமாயிற்றோ!" என்று சொல்லி, காற்றில் ஒடிந்து தரையில் கிடந்த ஒரு சுள்ளியை எடுத்துக் கொடுத்தார். அதில் ஒரு பிடி இருந்தது.

வீட்டுக்கு வந்து அதைப் பொடி செய்து, அகலமான பாட்டிலில் போட்டு, தண்ணீரில் கலந்த அம்மோனியாவை ஊற்றினேன். பழைய முறையைக் கையாள வீட்டில் அனுமதி கிடைக்கவில்லை. பாட்டிலில் பாதி காலியாக இருக்க வேண்டும். காற்றுதான் நிறத்தைக் கொடுப்பது. தினம் மூன்று நான்கு தடவை குலுக்க வேண்டும். முதல் நாள் சேற்றுத் தண்ணீர். நாலாம் நாள் டீத் தண்ணீர். இரண்டாம் வாரம் என் மனைவி, "ஒரு கதை எழுதியிருந்தால் இதற்குள் பணம் வந்திருக்கும்" என்றாள். மூன்றாம் வாரம் விளிம்பில் ஒரு சிவப்பு. ஒரு மாதம் கழிந்து ஒரு காலையில் பாட்டிலை ஜன்னலுக்கு எதிரே தூக்கிப் பிடித்தேன்.

கத்தரிப்பூ. மலர்ந்த அன்றைய கத்தரிப்பூ. மூன்று நிறங்களில் முதலாவது. அப்பா சொன்ன வித்தியாசம் எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

காஞ்சீபுரத்திலிருந்து வாங்கி வைத்திருந்த வெள்ளைப் பட்டு நூல் கழி ஒன்றை இளஞ்சூட்டில் அதில் முக்கித் திருப்பினேன். பட்டு அதைக் குடித்த வேகத்தைப் பார்க்க வேண்டும்! எடுத்துப் பிழிந்தேன். விரல், நகம், உள்ளங்கை எல்லாம் ஊதா.

அன்றைக்கே மாகறலுக்குப் போக வேண்டியிருந்தது. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் என் கையைப் பார்த்துக்கொண்டே வந்தார். கடைசியில் பொறுக்க முடியாமல், "கையில என்னா சார் அது?" என்றார்.

"சாயம்" என்றேன். "எங்க அப்பா சாயக்காரர்."

"அப்படியா? எந்தப் பட்டறை?" என்று அவர் சாதாரணமாகக் கேட்டார். மேலே பேசிக்கொண்டு போனோம். சொல்வதற்கு இவ்வளவுதான் இருந்தது. இவ்வளவுதானா என்று ஊர் வருகிற வரைக்கும் எண்ணிக்கொண்டே இருந்தேன்.

அந்தப் பட்டுக் கழியை மேஜைமேல் ஜன்னலோரமாக வைத்திருந்தேன். இரண்டு மாதத்தில் வெயில் பட்ட பக்கம் வெளுத்து, மரத்திலிருந்த சாம்பல் நிறத்துக்கே ஏறக்குறையத் திரும்பிவிட்டது. ஆர்ச்சில் வெளிச்சத்தில் நிற்காது என்று புத்தகத்திலும் போட்டிருக்கிறது. ஆனால் அதை எனக்கு முதலில் சொன்னது புத்தகம் அல்ல.

கழியை எடுத்து அலமாரிக்குள், வெளிச்சம் படாத இடத்தில் வைத்திருக்கிறேன். உள்பக்கம் இன்னும் கத்தரிப்பூவாகத்தான் இருக்கிறது.